ஆயிரத்து நூற்று நாற்பது வழிகள்

கூட்டம் தொடங்கி இருபது நிமிடமாகியும் ஒருவரும் தலை நிமிரவில்லை. பிள்ளைகளின் குட்டி நாற்காலிகளில் முழங்காலை மடக்கி உட்கார்ந்திருந்த இருபது அம்மாக்களும் தரையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அந்தத் தரையில் அப்படி என்னதான் இருக்கிறதோ!

மூன்றாம் வகுப்பின் பெற்றோர் சங்கப் பொறுப்பாளர் ஃபுமியே நிஷிகாகி கடிகாரத்தைப் பார்த்தாள். ஒரு வருடமாகச் சுற்றறிக்கை எழுதியும் விளையாட்டு விழாவுக்குக் கூடாரம் கட்டியும் ஓய்ந்துபோயிருந்தாள். இன்று நான்கு மணிக்குள் அடுத்த வருடப் பொறுப்புக்கு இந்த இருபது பேரில் மூன்று பேரைப் பிடித்துக் கொடுத்துவிட்டால் விடுதலை. இல்லாவிட்டால் பழையவளே இன்னொரு வருடம் மாரடிக்க வேண்டும். அதுதான் விதி.

வீட்டிலேயே கணக்குப் போட்டுப் பார்த்திருந்தாள். இருபது பேரில் மூவரை ஆயிரத்து நூற்று நாற்பது விதமாகத் தேர்ந்தெடுக்கலாம். அதில் ஒன்றுகூடவா அமையாது?

"யாராவது தானா முன்வந்தா ரொம்ப உதவியா இருக்கும்."

தரை இன்னும் சுவாரசியமாகிவிட்டது.

"சரி, கைக்குழந்தை இருக்கறவங்கள விட்டுடலாம்" என்றாள், நல்ல மனதோடுதான். ஐந்து கைகள் உயர்ந்தன. கரும்பலகையில் எழுதி வைத்திருந்த 1140-ஐ அழித்துவிட்டு 455 என்று எழுதினாள்.

"அதென்ன நியாயம்?" என்றாள் தோக்கிதா. "நாள் பூரா கடையில நின்னுட்டு வர்றேன். என் காலு காலில்லையா?"

"வேலைக்குப் போறவங்களும் வேணாம்." ஆறு கைகள். 84.

"அப்ப மாமியாரப் பாத்துக்கறது வேலையில்லையா?" என்று பின்வரிசையில் ஒருத்தி பொங்கினாள். "எங்க வீட்டுல மூணு ஷிப்டு ஓடுதுங்க!"

அவளையும் சேர்த்து ஐந்து பேர் கழன்றுகொண்டார்கள். மிச்சம் நான்கு பேர், நான்கே வழிகள். ஃபுமியே 84-ஐ அழித்து 4 என்று எழுதினாள்.

நால்வரில் ஒருத்தி மெல்ல இருமினாள். "எங்க வீட்டுக்காரருக்கு ஒசாகாவுக்கு மாத்தல்."

"வந்துடுச்சா?"

"வரல. ஆனா அவர் மூஞ்சியப் பாத்தா வரும்போல இருக்கு."

மாற்றல் என்றால் யாரும் மறுபேச்சுப் பேசுவதில்லை. மூன்று பேர், ஒரே வழி. இனி யாரும் அசையாமல் இருந்தால் போதும்!

மூவரில் ஓகுனி அசைந்தாள். "மிசுமோரியோட சேந்து என்னால முடியாது. குப்பைய நாள் மாத்தி வெச்சேன்னு என்மேல புகார் எழுதினவங்க."

"மாத்தித்தானே வெச்சீங்க?" என்றாள் மிசுமோரி.

ஓகுனி நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தாள். ஃபுமியே பூஜ்யம் போட்டாள். மணி மூன்று ஐம்பது.

அவள் இடுப்பு ஒடியக் குனிந்து வணங்கினாள். அழுகை முட்டிக்கொண்டு வந்தது. "எந்தச் சாக்கும் கிடையாது. எல்லாரும் கல், கத்தரி, காகிதம் போடுங்க. தோக்கற மூணு பேர்தான். கும்புட்டுக் கேக்கறேன்!"

அழுகிறவளிடம் என்ன வாதாடுவது? இருபது பேரும் கையை நீட்டினார்கள். தோக்கிதா தோற்றாள், ஓகுனி தோற்றாள், கூடவே மிசுமோரியும். மூன்று பெயர்களையும் எழுதி முடித்தபோது மணி மூன்று ஐம்பத்தெட்டு. ஃபுமியேவுக்கு அங்கேயே துள்ளிக் குதிக்க வேண்டும்போல இருந்தது.

அப்போது கதவைத் தள்ளிக்கொண்டு ஆறாம் வகுப்புப் பையன் ஒருவனின் அம்மா சிரித்த முகத்தோடு எட்டிப் பார்த்தாள்.

"நிஷிகாகி, இங்கயா இருக்கீங்க? மேல உங்க பெரியவளோட வகுப்புக் கூட்டம் அஞ்சே நிமிஷத்துல முடிஞ்சுது, வாழ்த்துகள்! பொறுப்புக்கு வேண்டியது மூணு பேரு, கூட்டத்துக்கு வராதவங்களும் உங்களோட சேத்து சரியா மூணு பேரு; எங்களுக்குக் கணக்குப் போடற வேலையே இல்லாமப் போச்சு!"