மகாராஜாவுக்கு வசனம் எடுத்துக் கொடுக்காத பையன்

பெல்காமில் இருக்கும் தங்கை இந்துமதிக்கு, சாந்தாதுர்கை கிருபையால் முழங்கால் நீங்கலாக சௌக்கியமாயிருக்கும் உன் அக்கா எழுதுவது. பேரன் நிகேத்துக்கு மட்காவ் இஞ்சினியரிங் காலேஜில் இடம் கிடைத்தது. பேத்தி ஊர்மிளா தாலுகா இறகுப்பந்தில் இரண்டாவது. முதலாவது வந்த பெண் இவளைவிட ஒரு முழம் உயரம். சின்னவன் முன்பல் விழுந்தும் சுலோகம் பிசகாமல் சொல்கிறான். உன் பக்கம் ஏதாவது இருந்தால் நீயும் எழுது.

என் பிள்ளை உல்லாஸ் கோயில் ஜாத்திரை நாடகத்தில் முப்பத்தொரு வருஷமாய் ஈட்டி பிடித்த சேவகன் அல்லவா, பழைய ராஜாவுக்குக் கண் ஆபரேஷன் என்று இந்த வருஷம் இவனுக்கு மகாராஜா வேஷம் கொடுத்தார்கள். ஐம்பத்துமூணு வயசு, இதை விட்டால் இனி எங்கே? மேடைக்குப் பின்னால் வேலை பார்க்க புனேயிலிருந்து தன்மய் என்று ஒரு பையன் வந்து நம் மாடியில் தங்கினான், நாடகமே பாடமாய்ப் படித்தவனாம். நம் ஊரில் வசனத்தை யார் மனப்பாடம் பண்ணினார்கள்? திரைக்குப் பின்னால் ஒருத்தர் புத்தகத்தை உரக்க வாசிப்பார், முன்னால் நிற்பவர் அதையே திருப்பிச் சொல்வார், ஜனம் இரண்டு தரம் கேட்கும். அந்த வேலையை இந்தப் பையனிடம் கொடுத்தால், "வசனம் நெஞ்சிலேர்ந்து வரணும் காகா, நான் வாசிக்க மாட்டேன்" என்று உல்லாஸிடமே சொல்கிறான். உல்லாஸும் சோல்கடியைக் குடித்துக்கொண்டே "வரும், வரும்" என்கிறான். "எங்கேர்ந்துடா வரும்? சீட்டு இல்லாம கடைக்குப் போய் உப்பு வாங்கிட்டு வந்திருக்கியா நீ?" என்றேன். "ஆயி, நீ சும்மா இரு."

திரை தூக்கினதும் உல்லாஸ் சிம்மாசனத்தில் உட்கார்ந்து, கை தட்டி, "யாரங்கே!" என்றான். நன்றாகத்தான் இருந்தது. சேவகன் வேஷக்காரன் உள்ளே வருவதற்குள் இவனே எழுந்து, படியிறங்கி, குனிந்து, "உத்தரவு மகாராஜா!" என்றான். பழக்கம். பிறகு காலி சிம்மாசனத்தைப் பார்த்தபடி நின்றுவிட்டான், பின்னாலிருந்து ஒரு சத்தமும் வரவில்லை. மீன்காரி பிரமிளா, "ராஜா எங்கேடா, வெளிக்குப் போயிருக்காரா?" என்று கத்தினாள். ஊரே சிரித்தது. நான் அவன் முகத்தைப் பார்க்காமல் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்போது அந்தப் பையன் அரை டிராயரோடு மேடைக்கு வந்து, "காகா மேல தப்பில்லை, புத்தகத்தை மூடி வெச்சவன் நான்" என்று சபைக்குச் சொல்லிவிட்டு, சிம்மாசனத்துக் காலடியில் சம்மணம் போட்டு உரக்க வாசிக்க ஆரம்பித்தான். உல்லாஸ் ஏறி உட்கார்ந்தான். முடிகிறவரை ராஜாவாகவே இருந்தான்.

இருந்தாலும் ஊர் வழக்கத்தைக் கெடுக்க வந்தவன் வந்தவன்தான். இப்படிப்பட்ட பிள்ளையை யாரும் வீட்டில் சேர்க்கக் கூடாது என்று உனக்கும் சொல்லி வைக்கிறேன். உன் வீட்டுக்காரருக்கு என் நமஸ்காரம், பிள்ளைகளுக்குத் தலைக்கு ஒரு ஆசீர்வாதம்.

பின்குறிப்பு: நம் இரண்டு குடும்பத்திலும் 'தப்பு என்னுடையது' என்று வாய்விட்டுச் சொன்ன ஆம்பிளை ஒருத்தனைக் காட்டு, பார்ப்போம். பையன் பக்கம் விசாரித்துவிட்டேன், நம்மவர்கள்தான், கல்யாணம் ஆகவில்லை. உன் பேத்தி விருஷாலியின் போட்டோ ஒன்று உடனே தபாலில் போடு. பள்ளிக்கூட உடுப்பில் இருக்கிறது வேண்டாம், புதுசாய் எடுத்து அனுப்பு.