கிடாவிடம் மூன்று முறை கேட்டார்கள்

என்னைக் கோபப்படுத்துவது ரொம்பச் சுலபம். "நீங்க எந்த லாங்குவேஜ்ல வேலை பாக்கறீங்க?" என்று கேட்டால் போதும். பதினெட்டு வருடமாக நான் மென்பொருள் எழுதுகிறேன். எந்த மொழியைக் கற்றுக்கொண்டு தலை நிமிர்கிறேனோ, அந்த வாரமே அதற்குக் கருமாதிப் பத்திரிகை அடித்துவிடுகிறார்கள். கல்லூரியில் சி படித்தேன். வேலைக்குப் போன முதல் நாளே "அதெல்லாம் இப்ப யாரும்மா எழுதறா?" என்று சிரித்தார்கள். விஷுவல் பேசிக் படித்தேன், செத்தது. ஜாவா படித்தேன். அது செத்துவிட்டதாக வருடத்துக்கு ஒரு முறை அறிவிக்கிறார்கள், அதுவோ எழுந்து உட்கார்ந்து காப்பி கேட்கிறது. அப்புறம் ஜாவாஸ்கிரிப்ட், அப்புறம் பைதான், அப்புறம் பெயர்கூட வாயில் நுழையாத இரண்டு. (கட்டிக்கொடுத்த பெண்கூட ஒரு மாமியாரின் கைப்பக்குவத்தைத்தான் கற்றுக்கொள்ள வேண்டும். நான் ஏழு மாமியார் கண்டவள்.)

இத்தனைக்கும் பிறகு போன வருடம் வந்து சொன்னார்கள், இனி எந்த மொழியும் வேண்டாமாம். செயற்கை நுண்ணறிவுக் கருவி ஒன்று எல்லாவற்றையும் எழுதிவிடுமாம். அது கேட்கும்போது நான் 'சரி' என்று மட்டும் அழுத்த வேண்டுமாம். பதினெட்டு வருடம் கண்ணைக் கெடுத்துக்கொண்டு படித்தது தலையாட்டத்தானா? வயிறு எரிந்தது. இருந்தும் தலையாட்டினேன். அங்கேதான் வினை.

நாமக்கல் பக்கம் புதுச்சத்திரத்தில் வீட்டிலிருந்தபடியே பெங்களூருக் கம்பெனிக்கு வேலை பார்க்கிறேன். எங்கள் மென்பொருள் லாரிக்காரர்களுக்கானது. நிறுத்தி வைத்த லாரி முதலாளிக்குத் தெரியாமல் நகர்ந்தால், அவர் போனில் சங்கு ஊதும். அந்தச் சங்கை எழுதியவள் நான். போனைச் சத்தமில்லாமல் வைத்திருந்தாலும் ஊதும், பாக்கெட்டுக்குள் கிடந்தாலும் செத்தவன் எழுந்து உட்காரும்படி ஊதும். என் வீட்டுக்காரருக்கு இரண்டு லாரி. அவர் பங்காளிகள், மாமன் மச்சான், கூட்டாளிகள், லாரியே இல்லாத கோயில் பூசாரி என்று ஒருத்தர் விடாமல் எல்லார் போனிலும் நானே பிடித்துப் பிடித்து அதை ஏற்றிக் கொடுத்திருந்தேன். அப்போது ரொம்பப் பெருமையாக இருந்தது.

எங்கள் குழுவில் ஒன்பது பேர். ஒரே மாதத்தில் நான்கு பேரை வீட்டுக்கு அனுப்பினார்கள். அன்று நான் சோறு இறங்காமல் உட்கார்ந்திருந்ததைப் பார்த்த என் மாமியார், என்னை ஒரு வார்த்தை கேட்காமல், "எம் மருமவ வேலைக்கு ஒண்ணும் ஆவக்கூடாது, கருப்பனாரே, ஒரு கெடா வெட்டறேன்" என்று வேண்டிக்கொண்டுவிட்டார். வேலை அப்போதைக்குத் தப்பியது. கருப்பனார் தன் பங்கை முடித்துவிட்டார், பாக்கி எங்கள் பங்குதான். கோயிலில் கிடா விருந்துக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை குறித்தார்கள்.

அதே ஞாயிற்றுக்கிழமைதான் கம்பெனியிலும் குறித்தார்கள். லாரி நடமாட்டம் குறைவான காலை நேரம் பார்த்து, பழைய ஜாவாச் சங்கைப் புது மொழிக்கு மாற்ற வேண்டும், அதையும் அந்தக் கருவியை வைத்தே செய்து காட்ட வேண்டும். என் மேனேஜர் நவீன் வாழப்பாடிப் பையன், என்னைவிடப் பன்னிரண்டு வயது சின்னவன். தேதியை மாற்றச் சொல்லிக் கெஞ்சினேன்.

"அக்கா, மறுபடியும் லிஸ்ட் போடறாங்கக்கா. இத நீங்க முடிச்சுக் காட்டினா உங்க பேர நான் காப்பாத்திருவேன். இல்லன்னா மேல என்ன பதில் சொல்றது? சும்மா எஸ் எஸ்னு அமுக்கினா போதும்க்கா, அதுவே எல்லாத்தையும் பாத்துக்கும்" என்றான்.

ஆக, என் வேலை நிலைத்ததற்காகக் கிடா வெட்டும் அதே நேரத்தில், அதே வேலை என் கையை விட்டுப் போகவும் வாய்ப்பு இருந்தது. இதை மாமியாரிடம் சொல்லியிருந்தால் இரண்டாவது கிடா வேண்டியிருப்பார். சொல்லவில்லை.

எங்கள் பக்கத்துக் கிடா வெட்டில் ஒரு முறை உண்டு. மாலை போட்டு நிறுத்திய கிடாவின் மேல் பூசாரி மஞ்சள் தண்ணீர் ஊற்றுவார். அது உடம்பைச் சிலிர்த்து உதற வேண்டும். அதைத் துளுக்குவது என்போம். துளுக்கினால் சாமியும் கிடாவும் சம்மதம் என்று அர்த்தம். துளுக்கவில்லை என்றால் எப்பேர்ப்பட்ட பெரிய மனிதர் வந்து நின்றாலும் அரிவாளைத் தொடக்கூடாது. அண்டாவில் தண்ணீர் கொதித்துக்கொண்டிருக்கும், இருநூறு பேர் பசியோடு நிற்பார்கள், ஆனாலும் காத்திருக்க வேண்டியதுதான்.

கோயில் வேப்பமரத்தடியில் ஓர் அண்டாவைக் கவிழ்த்து, அதன் மேல் லேப்டாப்பை வைத்தேன். கருவி வேலையைத் தொடங்கியது. "இந்தக் கோப்பைத் திறக்கலாமா?" என்றது. ஆம் என்றேன். "இதைத் திருத்தலாமா?" ஆம். "திருத்தியதைச் சேமிக்கலாமா?" அடப்பாவி, சேமிக்காமல் ஊறுகாய் போடவா போகிறோம்? ஆம்.

"அம்மிணி, சொம்பெங்க சாமி? நேர்த்தி உம்பேர்லதான இருக்குது, நீதான் தண்ணி கொண்டாந்து குடுக்கோணும்!" என்று மாமியார் கூப்பிட்டார்.

"இதா வாரேனுங்க அத்தை!"

பட்டுப்புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு ஓடினேன். பூசாரி முதல் சொம்பை ஊற்றினார். கிடா என்னைப் பார்த்தது, வாயில் கிடந்த வேப்பிலையை மென்றது. துளுக்கவில்லை. நான் திரும்ப மரத்தடிக்கு ஓடினேன். அங்கே கருவி ஆறு நிமிடமாக எனக்காகக் காத்திருந்தது. "இந்தக் கட்டளையை இயக்கலாமா?" ஆம். அரசியல்வாதிகூட ஓட்டுக்கு இத்தனை முறை வரமாட்டான்.

இரண்டாம் சொம்பு. கிடா ஒரு காதை மட்டும் ஆட்டியது. கூட்டத்தில் ஒரு முணுமுணுப்பு எழுந்தது. என் வீட்டுக்காரரின் பெரியப்பா, அந்தக் காலத்தில் போர் போடும் ரிக் வண்டி ஓட்டிப் பேர் வாங்கியவர், முன்னால் வந்தார். "ஏனுங்க பூசாரி, என்ன குத்தமுன்னு கேளுங்க. நேர்த்திக்காரியே ஒரு எடத்துல நிக்காம ஓடிக்கிட்டு இருந்தா சாமி என்னத்தச் சம்மதிக்கும்?" என்று என்னை ஒரு பார்வை பார்த்தார். இருநூறு பேரும் பார்த்தார்கள். மாமியார் கண்ணில் தண்ணீர் நின்றது.

கடைசியாக ஒரு முறை மரத்தடிக்கு ஓடினேன். திரையில் வழக்கமான கேள்வி, கீழே மூன்று பதில்கள். ஆம். இல்லை. ஆம், இனிமேல் கேட்காதே. பதினெட்டு வருட அனுபவசாலி, ஜூனியர் பிள்ளைகளுக்கு 'யோசிக்காமல் எதையும் அழுத்தாதே' என்று வகுப்பெடுத்தவள், மூன்றாவதை அழுத்திவிட்டு ஓடி வந்தேன்.

மூன்றாம் சொம்பு. பம்பைக்காரர் கையை நிறுத்தினார். குழந்தைகள் வாயைப் பொத்தினார்கள். தண்ணீர் கிடாவின் முதுகிலிருந்து வழிந்து சொட்டியது. கூட்டமே மூச்சை அடக்கிக்கொண்டு நின்றது.

அப்போது ஊதியது என் சங்கு. ஒரு போனில் இல்லை, அங்கே இருந்த அத்தனை போனிலும். வேட்டி மடிப்பில், சட்டைப் பையில், பூசாரியின் இடுப்பில்கூட. 'எச்சரிக்கை! உங்கள் லாரி உங்களுக்குத் தெரியாமல் நகர்கிறது!'

கிடா நின்ற இடத்திலிருந்து இரண்டடி எழும்பியது. மஞ்சள் தண்ணீரையெல்லாம் பூசாரி முகத்தில் உதறிவிட்டு, கயிற்றைப் பிடுங்கிக்கொண்டு, பக்கத்து மரவள்ளிக்காட்டுக்குள் பாய்ந்தது.

"அய்யய்யோ, எம்பட வண்டி!" என்று ஒருவர் கத்தினார். அவ்வளவுதான். நாற்பது ஐம்பது பேர் மோட்டார் சைக்கிளை உதைத்துக்கொண்டு நாலா பக்கமும் பறந்தார்கள். விருந்துக்கு வந்த இத்தனை சனம் பந்தி போடும் முன்பே கிளம்பிப் போனது எங்கள் வம்சத்தில் அதுதான் முதல் முறை.

"துளுக்கிருச்சு, துளுக்கிருச்சு!" என்று சமையல்காரர் கூவினார்.

பூசாரி முகத்தைத் துண்டால் துடைத்தார். "போனு கத்துனதுக்குத் துளுக்குனதெல்லாம் செல்லாதுங்க. சாமி கேட்டுத் துளுக்கோணும்."

என் வீட்டுக்காரர் கையிலிருந்த போனைப் பார்த்தார். கோயில் முன்னால், பாத்திரம் ஏற்றி வந்த தன் இரண்டு லாரிகளையும் பார்த்தார். அப்புறம் மெதுவாக என்னைப் பார்த்தார். "ஏம்மா, ரெண்டு வண்டியும் எங்கண்ணு முன்னாடிதான நிக்குது? எங்க நகருது?"

மரத்தடிக்கு ஓடினேன். திரையில் ஒரு பச்சை டிக். 'சோதனை வெற்றி! எச்சரிக்கை எல்லா வாடிக்கையாளர்களுக்கும் சென்று சேர்ந்தது. அடுத்து என்ன செய்யலாம்?' என்று குழைந்துகொண்டிருந்தது. சோதனைக்கென்று தனி எண் வைத்திருந்தேன். அது கிடைக்கவில்லையாம், உண்மையான பட்டியலை எடுத்துக்கொண்டதாம். அந்தப் பட்டியலைத் திறக்கும் பாஸ்வேர்டைக் கருவியின் கைக்கெட்டும் இடத்தில் சோம்பேறித்தனமாகப் போட்டு வைத்தவள் நான்தான். அதை இன்றுவரை வீட்டில் யாரிடமும் சொல்லவில்லை. (இப்போது சொல்லியாயிற்று.)

நவீன் லேப்டாப்பிலேயே அழைத்தான். "அக்கா, குஜராத்ல டிரைவருங்க வண்டிய ஓரங்கட்டிட்டு நிக்கறாங்கக்கா! யாருக்கா அப்ரூவ் பண்ணது? இங்க உங்க பேருதான் இருக்கு!"

"நான் எங்கப்பா பண்ணேன்? இனிமே கேக்காதன்னுதான சொன்னேன்!"

"அதுக்குப் பேருதான்க்கா அப்ரூவல்."

எனக்குள் பதினெட்டு வருடமும் ஒன்றாகப் பொங்கியது. செய்தது அது, பேர் மட்டும் என் பேரா? "இத பாரு நவீன், எங்கூர்ல ஒரு ஆட்ட வெட்டறதுக்கே மூணு வாட்டி தண்ணி ஊத்திச் சம்மதம் கேக்கறோம். அது மாட்டேன்னா அருவாளக் கீழ வெச்சுர்றோம். என்னைய எவனாச்சும் ஒருவாட்டி கேட்டீங்களா? மொழிய மாத்துனீங்க, கேட்டீங்களா? நாலு பேர வெட்டுனீங்க, கேட்டீங்களா? இந்த எழவுக் கருவிய எந்தலையில கட்டுனீங்களே, கேட்டீங்களா? ஆட்டுக்கு இருக்கற மரியாத எனக்கில்லையா?"

திரையை அப்போதுதான் சரியாகப் பார்த்தேன். அந்த அழைப்பில் நவீன் மட்டும் இல்லை, பதினான்கு பேர் இருந்தார்கள். பட்டியல் போடுகிற பெரிய மேடமும் இருந்தார், அவரும் தமிழ்தான். போச்சு, வேலை போச்சு என்று கண்ணை மூடிக்கொண்டேன்.

"மூணாவது தடவையும் ஆடு ஒத்துக்கலன்னா என்ன செய்வீங்க?" என்று மேடத்தின் குரல் கேட்டது.

"காத்துட்டு இருப்போம் மேடம். வேற வழி இல்லீங்க."

"ம்ம்" என்றார். அவ்வளவுதான்.

கிடாவைப் பிடித்து வர ஒரு மணி நேரம் ஆனது. மறுபடி ஊற்றினார்கள். அசையவில்லை. காத்திருந்தார்கள். கல்லாய் நின்றது. கடைசியில் பூசாரியே மாலையைக் கழற்றிவிட்டார். சமையல்காரர் முட்டை வாங்கக் கோழிப்பண்ணைக்கு ஆள் அனுப்பினார். கிடா விருந்து என்று கூப்பிட்டு நாமக்கல்காரனுக்கே முட்டைக் குழம்பு போட்ட ஒரே குடும்பம் எங்களுடையது. திரும்பி வந்த லாரிக்காரர்கள் அதையும் மூன்று மூன்று முட்டையாகத் தின்றுவிட்டுத்தான் திட்டினார்கள்.

வேலை போகவில்லை. அந்த மூன்றாவது பதிலைக் கம்பெனி முழுவதும் எடுத்துவிட்டார்கள். எதையும் வெளியே விடும் முன் ஒரு மனிதர் மூன்று முறை யோசித்துச் சம்மதிக்க வேண்டும், சம்மதிக்கும்வரை எல்லாரும் காத்திருக்க வேண்டும் என்று விதி வந்தது. அதற்கு 'ஆட்டு விதி' என்று பெயர். அதைக் கொண்டுவந்ததற்கான பரிசை நவீனுக்குக் கொடுத்தார்கள். (என்னத்தச் சொல்ல!)

"வேல இருக்குதில்ல சாமி, பொறவென்ன? கருப்பனாருக்கே அந்தக் கெடா வேண்டாமாட்ட இருக்குது" என்று மாமியார் சமாதானமாகிவிட்டார். கிடா இப்போது என் வேலை அறை ஜன்னலுக்கு வெளியே கட்டிக் கிடக்கிறது. மீட்டிங் நடக்கும்போதெல்லாம் கத்துகிறது. எங்கள் குழுவில் அதற்குத்தான் நிரந்தர வேலை.

வீட்டில் இந்தக் கதை ஓயவே இல்லை. கார் வாங்குவதா, மகளை எந்தப் பள்ளியில் சேர்ப்பது, என் நாத்தனார் ஒரு மாதம் வந்து தங்கலாமா என்று எதற்கு என் சம்மதம் வேண்டுமானாலும் என் வீட்டுக்காரர் வாயால் கேட்பதில்லை. சொம்பில் தண்ணீர் கொண்டு வந்து என் தலையில் தெளிக்கிறார். உடனே மாமியார், மகள் எல்லாரும் வேலையைப் போட்டுவிட்டு வந்து, மூச்சை அடக்கிக்கொண்டு நான் துளுக்குகிறேனா என்று பார்க்கிறார்கள். எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வரும். ஆனாலும் நான் உடனே துளுக்குவதில்லை. பதினெட்டு வருடத்தில் என்னைக் கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்பவர்கள் இவர்கள் மட்டும்தான். நிற்கட்டும் கொஞ்ச நேரம்.