வூட்கிரீனில் ஜீயஸுக்கு ஓர் எதிரி

ஒலிம்பஸ் மலையில் குடியிருந்த கிரேக்கக் கடவுள்கள் எவருக்கும் அஞ்சியதில்லை என்று புத்தகங்கள் சொல்லும். புத்தகம் எழுதியவர்களுக்கு எங்கள் ஜீயஸ் அண்ணையைத் தெரியாது. எண்பதுகளின் கடைசியில், வடக்கு லண்டன் வூட்கிரீனில், ஒரு சைப்பிரஸ்காரரின் சாப்பாட்டுக் கடைக் குசினியில் வெங்காயம் உரித்துக்கொண்டே அவர் ஏசிய ஏச்சில் பாதி போய்ச் சேர்ந்திருந்தாலும், அந்தக் கடவுள்கள் மலையைக் காலி செய்துவிட்டு ஓடியிருப்பார்கள்.

நாள் முழுக்க அந்தக் கடவுள்களின் அரசன் ஜீயஸைத் திட்டுகிறவருக்கு ஜீயஸ் என்றே பெயர் வைத்தது, ஒரே வீட்டில் வாடகைக்கு இருந்த எங்கள் குறும்பு. கூப்பிட்டால் கரண்டி பறக்கும்.

"என்னை நாய் எண்டு கூப்பிடு, பேய் எண்டு கூப்பிடு. அந்தப் பொறுக்கியின்ர பேரைச் சொன்னியோ, பல்லைக் கழட்டிப் போடுவன்!"

எல்லாவற்றுக்கும் காரணம் முதலாளி கோஸ்தா. பின்னேரத்தில் கடையில் ஆள் இல்லாத நேரம் உருளைக்கிழங்கு சீவியபடி தன் கிரேக்க முன்னோர் கதைகளை எடுத்துவிடுவார். அவரும் அண்ணையும் பேசிய ஆங்கிலத்தை அப்படியே எழுதினால் ஆங்கிலேயர்கள் என்மேல் வழக்குப் போடுவார்கள். ஆகவே தமிழில் தருகிறேன்.

முதல் நாள் கதை புரோமித்தியஸ். மனிதர்கள் குளிரில் விறைத்துக் கிடக்கிறார்களே என்று இரங்கி, கடவுள்களிடமிருந்து நெருப்பைக் களவெடுத்துக் கொடுத்தவன். அதற்காக ஜீயஸ் அவனை மலையில் சங்கிலியால் கட்டி, தினமும் ஒரு கழுகை அனுப்பி ஈரலைக் கொத்தவிட்டான். மறுநாள் ஈரல் வளரும், கழுகு திரும்ப வரும். அன்று அண்ணை வீட்டுக்கு வந்த வேகத்தில் கதவின் கொண்டி கழன்று விழுந்தது.

"நெருப்புக் குடுத்தது ஒரு குற்றமோடா? எங்கட ஊரில சுருட்டுக்கு நெருப்புக் கேட்டால் காணிச் சண்டைக்காரனும் குடுப்பான்! அதுக்கு ஈரலைப் பிடுங்கிறதோ?"

அடுத்த நாள் முதல் அவர் ஈரல் பொரிக்க மறுத்துவிட்டார். கோஸ்தா கெஞ்சினார், கத்தினார், கடைசியில் ஈரலைத் தானே பொரித்தார். கடைச் சுவரில் ஜீயஸின் சாந்துச் சிலைத் தலை ஒன்று இருந்தது. தாடியும் மீசையுமாக, வாடகை கேட்க வந்தவர்போல முறைத்துக்கொண்டிருக்கும். அண்ணை தரை துடைத்த ஈரத் துணியை அதன்மேல் காயப் போட்டார்.

கோஸ்தா துள்ளிக் குதித்தார். "எடு அதை! அவர் எங்கள் பாட்டன் பூட்டனுக்கெல்லாம் தெரிந்த ஆள்!"

"தெரிஞ்ச ஆளெண்டால் அப்பவே கூப்பிட்டுக் கண்டிச்சிருக்க வேணும்!" என்றார் அண்ணை.

ஜீயஸின் பெண் விவகாரங்கள் தெரியவந்தபோது எங்களுக்கு ஒரு கிழமை நித்திரை இல்லை. "அன்னமா வந்தானாம், எருதா வந்தானாம், தங்க மழையாக்கூட வந்தானாம். ஒரு நாளாவது ஒழுங்கா மனிசனா வந்து பெண் கேட்டானோ?"

எனக்கும் நாக்குச் சும்மா இருக்காது. "எங்கட இந்திரனும் பூனையாப் போனவன்தானே அண்ணை?" என்றேன்.

"போனவன். பிடிபட்டு, உடம்பு முழுக்க அடையாளம் வாங்கினவன். நாங்கள் தண்டனை குடுத்தனாங்கள் தம்பி! இவனுக்கு ஆர் குடுத்தது? இவன் இன்னும் சுவரில இருக்கிறான்!"

இந்தக் கோபமெல்லாம் கிரேக்கக் கடவுள்கள் மேல்தானா என்று நீங்கள் கேட்கலாம். அவர் மனைவி செல்வராணி அக்கா கொழும்பு வெள்ளவத்தையில் ஒரு லொட்ஜ் அறையில் விசாவுக்குக் காத்திருந்தார். அண்ணைக்கு இங்கே இருக்க அனுமதி கிடைத்து வருடங்களாகிவிட்டன. அக்காவுக்கு மட்டும் இல்லை என்று வந்தது. இரண்டாம் முறையும் இல்லை. ஏனென்றால், கலியாணப் படத்தில் மாப்பிள்ளையும் பெண்ணும் ஒருவரையொருவர் பார்க்கவில்லையாம், சிரிக்கவில்லையாம். ஆகவே அது உண்மையான கலியாணமாக இருக்க முடியாதாம். இதைச் சொன்ன அதிகாரியின் பெயர் எனக்குத் தெரியாது. தெரியாமல் இருப்பது அவருக்கு நல்லது. தாலி ஏறிய கையோடு படம் பிடிப்பவருக்குப் பல்லைக் காட்டும் பெண்ணை எங்கள் ஊர் மாமிமார் உயிரோடு விட்டுவைப்பார்களா? நினைத்தால் இன்றைக்கும் எனக்குப் பற்றி எரிகிறது.

அந்த நாட்களில் விசா அலுவலாக அண்ணை குரோய்டன் குடிவரவு அலுவலகத்துக்குப் போய்வருவதை, "பாதாள லோகத்துக்கு ஒருக்காப் போட்டு வாறன்" என்றுதான் சொல்லுவார். கோஸ்தாவின் கதையில் பாதாளத்தைக் காக்கும் மூன்று தலை நாய் அங்கே வாசலில் நிற்பதாகவும் கதை கட்டிவிட்டிருந்தார். நம்பிப் பயந்தவர்களும் உண்டு.

மூன்றாம் முறை போட்ட விண்ணப்பத்துக்கு முடிவு வரக் காத்திருந்தபோதுதான் கோஸ்தா ஓர்பியஸ் கதையைச் சொன்னார். ஓர்பியஸ் ஒரு பாடகன். பாம்பு கடித்துச் செத்த மனைவியை மீட்கப் பாதாளத்துக்கே போய்ப் பாடினான். பாதாளத்து அரசன் மனம் இளகி, "கூட்டிக்கொண்டு போ. அவள் பின்னால் வருவாள். வெளிச்சத்துக்குப் போகும்வரை திரும்பிப் பார்க்காதே" என்றான். வாசலை நெருங்கிய நேரம் ஓர்பியஸ் திரும்பிப் பார்த்தான். அவ்வளவுதான், மனைவி போய்விட்டாள்.

அண்ணை முதல்முறையாகக் கடவுளை விட்டுவிட்டு மனிதனைத் திட்டினார்.

"விசரன்! இதென்ன பெரிய வேலையோ? எங்கட ஆம்பிளையள் கலியாணம் கட்டின நாளில இருந்து பெண்சாதிக்குப் பத்தடி முன்னாலதான் நடப்பினம். கோயிலுக்குப் போனாலும் சரி, செத்தவீட்டுக்குப் போனாலும் சரி, ஒருக்காவது திரும்பிப் பாத்திருக்கிறமோ? எங்களிட்டை அந்த வேலையைத் தந்திருந்தால் பாதாளத்தில இருந்து பருத்தித்துறை மட்டும் திரும்பாமல் கூட்டியந்திருப்பம்!"

ஒரு மாதத்தில் அக்காவுக்கு விசா வந்தது. அண்ணை அதிர்ந்துபோனார். அதற்குப் பிறகு அவரைப் பிடித்தது கோபமல்ல, பயம். இவ்வளவு தூரம் வந்தது கடைசி வாசலில் கைநழுவிவிடும் என்று நடுங்கினார்.

ஹீத்ரோ விமான நிலையத்துக்கு நானும் போனேன். அக்கா ஒரு பெரிய பெட்டியோடும் தோளில் ஒரு பையோடும் வெளியே வந்தார். குளிருக்கு யாரோ இரவல் கொடுத்த ஆண்பிள்ளைக் கோட்டு. அத்தனை வருடத்துக்குப் பிறகு மனைவியைக் கண்ட அண்ணை நிலத்தைப் பார்த்துச் சொன்னது இவ்வளவுதான்: "வந்திட்டீரோ? சரி, வாரும்."

திரும்பினார், விறுவிறென்று நடந்தார்.

நான் பெட்டியை இழுத்துக்கொண்டு அவர் பக்கத்தில் ஓடினேன். "அண்ணை, அக்கா மெல்லமா வாறா. ஒருக்கா நில்லுங்கோ."

"கதைக்காமல் வா. வெளிச்சத்துக்குப் போகுமட்டும் நான் திரும்ப மாட்டன்."

அப்போதுதான் எனக்கு விளங்கியது. ஹீத்ரோவில் ரயில் நிலக்கீழ் ரயில். படி இறங்க இறங்க அண்ணையின் கழுத்து விறைத்துக்கொண்டே போனது. மேடையில் திருவிழாச் சனம். ரயில் வந்தது. அண்ணை ஏறினார், நான் பெட்டியோடு மல்லுக்கட்டி ஏறினேன், கதவு மூடிக்கொண்டது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அக்கா நின்றார்.

"அண்ணை! அக்கா ஏறேல்லை!"

அவர் திரும்பவில்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு எதிர்ச் சுவரைப் பார்த்துச் சிரித்தார். "சோதிக்கிறாய், என்ன? இப்படித்தான் ஆரும் கத்துவாங்கள். எனக்குத் தெரியும்."

"அண்ணை, ஐயோ, உண்மையா! திரும்பிப் பாருங்கோ!"

"மாட்டன்!"

ரயில் அடுத்த ஸ்டேஷனையும் தாண்டி வெளிச்சத்துக்கு வந்தது. அண்ணை முகமெல்லாம் பூரிப்பாக, மெதுவாக, "செல்வம்..." என்று திரும்பினார். பின்னால் ஆறடி உயரத்தில் ஒரு சர்தார்ஜி நின்றார். அவர் பண்பானவர். பதிலுக்குப் புன்னகைத்தார்.

பிறகு நடந்ததைச் சிரித்துக்கொண்டு எழுத முடியவில்லை. அக்காவுக்கு ஆங்கிலம் தெரியாது. கையில் காசில்லை, எங்கள் விலாசம் எழுதிய கடிதங்களும் என்னோடு வந்த பெட்டிக்குள். அண்ணை கதவைக் கையால் அடித்தார். அடுத்த ஸ்டேஷனில் பாய்ந்து இறங்கி எதிர் ரயிலைப் பிடித்தோம். வழி முழுக்க அவர் ஜீயஸை ஏசவில்லை, யாரையும் ஏசவில்லை. "போயிட்டுது தம்பி, என்ர கையால போயிட்டுது," என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்தார்.

அக்கா மேடையில் ஒரு மர வாங்கில் உட்கார்ந்து பையை மடியில் வைத்துக்கொண்டிருந்தார். அழவில்லை. அண்ணையைக் கண்டதும் எழுந்தார். அண்ணை மூச்சு வாங்கியபடி பாடகன், பாம்பு, பாதாளம் என்று முழுக் கதையையும் ஒப்புவித்தார். அக்கா கடைசிவரை கேட்டார். பிறகு பிடித்தாரே ஒரு பிடி! கோபம் என்றால் என்னவென்று அன்றைக்குத்தான் கண்டேன்.

"அந்த மனிசன் ஏன் திரும்பினவன்? பின்னால வாறாளோ, விழுந்திட்டாளோ எண்டு நெஞ்சு பதறித் திரும்பினவன். அவனையோ விசரன் எண்டு சொல்லுறியள்? இவ்வளவு காலம் லொட்ஜில கிடந்து, ஆகாயத்தால பறந்து, முன்பின் தெரியாத ஊருக்கு வந்து நிக்கிறன். என்ர முகத்தை நீங்கள் இன்னும் பாக்கேல்லை. அவன்ர பெண்சாதி செத்தாலும் குடுத்து வைச்சவள்!"

இந்திரனுக்கும் ஜீயஸுக்கும் சளைக்காத மனிதர், குனிந்து அக்காவின் பையை வாங்கித் தன் தோளில் மாட்டிக்கொண்டார். பிறகு தலையை நிமிர்த்தி அக்காவைப் பார்த்தார். கண்ணால் தண்ணி ஓடிக்கொண்டிருந்தது, துடைக்கவில்லை.

அடுத்த ரயிலில் அக்காவை முதலில் ஏற்றிவிட்டுத்தான் ஏறினார். பக்கத்து இருக்கை காலியாக இருந்தும், எதிர் இருக்கையில் போய் இருந்து, வைத்த கண் வாங்காமல் பார்த்துக்கொண்டே வந்தார். அக்கா நெளிந்தார். "இஞ்சாருங்கோ, சனம் பாக்குது."

"பாக்கட்டும்," என்றார் அண்ணை.

லண்டனின் அடிவயிற்றுக்குள்ளால் ஒரு மணித்தியாலத்துக்கு மேல் அந்தப் பயணம். அக்கா கடைசியில் கோபத்தை மறந்து மெல்லச் சிரித்தார். அப்போது வூட்கிரீன் வந்தது. கதவு திறந்தது. இரண்டு பேருக்கும் அது தெரியவில்லை. எனக்கு இரவு ஷிப்ட் இருந்தது, தோள் வேறு பெட்டி இழுத்து நொந்துபோயிருந்தது. ஆனாலும் நான் அவர்களைக் கூப்பிடவில்லை. கதவு மூடியது, ரயில் புறப்பட்டது, கடைசி ஸ்டேஷன்வரை நானும் அவர்களோடு போனேன்.