ஆந்தைக்குப் பெயர் சொல்பவர்

ஆந்தையில் பல இனம் உண்டு. ஆந்தைக்குப் பெயர் சொல்பவர்கள் மட்டும் உலகம் முழுக்க ஒரே இனம்தான்.

கண்டுபிடிப்பது எளிது. கழுத்தில் பைனாகுலர் தொங்கும். கல்யாண வீடானாலும் சாவு வீடானாலும் தொங்கும். உங்களோடு பேசிக்கொண்டிருக்கும்போதே அவர் பார்வை உங்கள் தலைக்கு ஓர் அடி மேலே நிற்கும். திடீரென்று கையைத் தூக்கி "ஷ்ஷ்!" என்பார், நீங்கள் மாமியாரின் ஆபரேஷனைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தாலும் நிறுத்தத்தான் வேண்டும். வேலிக்குப் பின்னால் ஏதோ ஒன்று பறந்து மறையும். உங்களுக்குத் தெரிந்தது ஒரு நிழல். அவருக்குத் தெரிந்ததோ அதன் பெயர், ஆணா பெண்ணா, வயது என்ன, போன குளிர்காலத்தை எங்கே கழித்தது என்பது வரைக்கும். எப்படி என்று மட்டும் கேட்காதீர்கள். "வால் போதும் எனக்கு" என்பார். பறந்துபோன பறவை சாட்சி சொல்லத் திரும்பி வரப்போகிறதா என்ன?

பல்லைப் பிடுங்கினால் 'ஆ' என்பாரே தவிர, 'தெரியவில்லை' என்று சொல்லவே மாட்டார்.

ஒரு தேவாலயம், ஒரு பப், நாற்பது கூரை என்று இங்கிலாந்தின் ஹெரிஃபோர்ட்ஷயர் மலையடிவாரத்தில் ஒதுங்கிக் கிடக்கும் எங்கள் ஊரில், இந்த இனத்துக்கு உதாரணம் லயனல் ஸ்டாபர்ட். நிலம் அளக்கும் வேலையிலிருந்து ஓய்வு பெற்றபின் வானத்தை அளக்கத் தொடங்கியவர். நான் எதிர்வீடு. ஆராய்ச்சிக்கு வசதி அதிகம்.

மற்றப் பறவைகளிலாவது நாங்கள் தப்பிப்போம். ஆந்தை என்று வந்தால் விடமாட்டார். "ஆந்தை கத்தறதை எல்லாரும் 'டுவிட்-டுவூ'ன்னு சொல்றீங்க. அது ஒரு பறவை இல்லைங்க, ரெண்டு! 'கீ-விக்' பொண்ணு. 'ஹூ... ஹு-ஹு-ஹூஊ' ஆணு." பள்ளிக்கூட நாடகத்தில் காகிதச் சிறகு கட்டிக்கொண்டு வந்த குழந்தை ஒன்று இரண்டையும் சேர்த்துக் கத்தியபோது, சபையில் எழுந்து நின்று திருத்தியவர் இவர். குழந்தை அழுதது. "அழுகை சரியாத்தான் இருக்கு" என்றார் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர். ஆந்தை விழுங்கிவிட்டுக் கக்கிய எலி எலும்பு, மயிர் உருண்டைகளை லயனல் பிஸ்கட் டப்பாவில் சேர்த்து வைப்பார். தேநீருக்கு வந்த பாதிரியார் உரிமையோடு அந்த டப்பாவைத் தானே எடுத்துத் திறந்தார். அதன்பின் அவர் அந்த வீட்டில் தேநீர் குடிப்பதில்லை.

"கல்யாணமானதிலேர்ந்து ஒரு நாளாவது நான் சும்மா வானத்தைப் பாத்திருக்கேனா?" என்று அவர் மனைவி மேவிஸ் என்னிடம் கேட்டதுண்டு. "மேகத்தைப் பாத்தாக்கூட அதுக்குள்ள என்ன பறக்குதுன்னு சொல்லிடறார் இந்த மனுஷன்."

வடகாற்று பேயாக அடித்து ஓய்ந்த ஏப்ரல் காலை ஒன்றில், தேவாலயத்துக்குப் பூ மாற்றப் போன மேவிஸ் வேகமாகத் திரும்பி வந்தார்.

"லயனல், கல்லறைத் தோட்டத்து ஓக் மரப் பொந்துல ஒரு ஆந்தை வெயில் காயுது. சாம்பலா இருக்கு."

லயனல் ஓடினார். பொந்தின் வாயில், கொடிகளுக்கு நடுவே முகமும் மார்பும் மட்டும் தெரிந்தன. சாம்பல் நிறம்தான். கண் இரண்டும் மூடியிருந்தன. எங்கள் பக்கத்துப் பழுப்பு ஆந்தையிலேயே சாம்பலாகப் பிறப்பது உண்டு. அபூர்வம், ஆனால் அதிசயமில்லை. இதை எங்கள் எல்லோருக்கும் பப்பில் வைத்துச் சொல்லிக்கொடுத்தவரே லயனல்தான். என்ன செய்வது? ஆசை வந்து உட்கார்ந்தால் அறிவு எழுந்து இடம் கொடுத்துவிடுகிறது.

"பெருஞ்சாம்பல் ஆந்தை" என்றார். "பின்லாந்துப் பறவை. காத்து தள்ளிட்டு வந்திருக்கு."

"அது ரொம்பப் பெரிசா இருக்கும்னு சொல்லுவியே?" என்றார் மேவிஸ்.

"பாதி உள்ள இருக்கு."

பப் நடத்தும் நோரீன் இந்தச் செய்தியைப் பறவைக்காரர்களின் போன் குழுவில் போட்டார். அவ்வளவுதான். மறுநாள் விடியும்போது பர்மிங்ஹாமிலிருந்தும் பிரிஸ்டலிலிருந்தும் வந்த கார்கள் பண்ணைப் பாதையை அடைத்து நின்றன. பீரங்கி போன்ற கேமராக்கள் கல்லறைகளின் மேல் சாய்ந்து படுத்தன. எங்கள் ஊர்ப் பெரியவர்களின் பெயர் பொறித்த கல்லில் யாரோ முட்டை சாண்ட்விச் வைத்துச் சாப்பிட்டார்கள். நோரீன் எலுமிச்சைக் கேக்கை அடுக்கடுக்காகச் சுட்டு இறக்கினார். கூட்டத்தின் நடுவில், தொலைநோக்கிக்குப் பக்கத்தில், மாப்பிள்ளை போல லயனல்.

அடுத்த பள்ளத்தாக்கிலிருந்து க்ளைவ் பெவனும் வந்தார். அவரும் அதே இனம். அங்கே அவர்தான் பெயர் சொல்பவர். ஒரு தோப்பில் இரண்டு ஆண் ஆந்தை தங்குமா?

"லயனல், உன் பின்லாந்துக்காரன் நம்ம பழுப்பு ஆந்தைதான்ப்பா" என்றார் க்ளைவ். "தலைக்கு டை அடிக்காம வந்திருக்கு, வேற ஒண்ணுமில்ல."

"உனக்குப் புறா தவிர எது தெரியும்?"

"சரி, கண்ணைத் திறக்கட்டும். மஞ்சள்னா உன்னோட பறவை. கறுப்புன்னா என்னோடது."

நியாயமான பேச்சு. பின்லாந்துப் பறவைக்குக் கண் மஞ்சள். பழுப்பு ஆந்தைக்கு வழவழவென்ற கறுப்பு. ஆகவே எல்லோரும் காத்திருந்தோம். மதியமாயிற்று. ஊர் கொள்ளாத கூட்டம் ஓர் ஆந்தையைப் பார்த்து ஆந்தை மாதிரி விழித்துக்கொண்டு நின்றது. ஆந்தை மட்டும் விழிக்கவில்லை.

கடைசியில் க்ளைவுக்குப் பொறுமை போய்விட்டது. தேவாலயத்துக் கொட்டகையிலிருந்து ஏணியைத் தூக்கி வந்தார். "மேல ஏறி ரெண்டு தட்டு தட்டினா தானா திறக்குது."

"ஏங்க, தூங்கறவளை எழுப்பிக் கண்ணு என்ன நிறம்னு பாக்கணுமா?" என்றார் நோரீன். "என் கண்ணு என்ன நிறம்னு என் வீட்டுக்காரருக்கே இன்னும் தெரியாது."

எல்லோரும் சிரித்தார்கள். யாரும் தடுக்கவில்லை. கேமராக்கள் தயாராயின. ஏணி மரத்தில் டொக்கென்று மோதியது. அந்தச் சத்தத்தில் ஆந்தை ஒரு கண்ணைத் திறந்தது.

ஊர் முழுக்க ஏணியைப் பார்த்துக்கொண்டிருந்த அந்தக் கணத்தில் தொலைநோக்கியில் கண் வைத்திருந்தவர் லயனல் ஒருவர்தான். கண் கறுப்பு, மழையில் நனைந்த நாவற்பழம் போல. அதோடு போகவில்லை. மார்பு இறகுக்கு அடியிலிருந்து வெள்ளைப் பஞ்சுபோல ஒரு சின்னத் தலை எட்டிப் பார்த்தது; குளிர் பட்டதும் உள்ளே போயிற்று. தாய் கண்ணை மூடிக்கொண்டது.

வேறு யாரும் பார்க்கவில்லை என்பதை லயனலும் அறிவார். மஞ்சள் என்று ஒரு வார்த்தை சொன்னால் இன்னும் ஒரு வாரத்துக்கு அவர் ராஜா. ஒன்றுமே சொல்லாமல் இருந்தாலும் பாதகமில்லை. க்ளைவ் மேலே ஏறித் தட்டுவார், பறவை பயந்து பறந்துவிடும், பறந்துபோனதன் கண் எந்த நிறம் என்று யார் சொல்வது? சாகும்வரை அது பின்லாந்துப் பறவையாகவே இருக்கும். அந்தக் குளிரில் தாய் விட்டுப்போன குஞ்சு சாயங்காலம் வரை தாங்காது, அவ்வளவுதான்.

க்ளைவ் இரண்டாம் படியில் கால் வைத்தார்.

"இறங்கு, க்ளைவ்" என்றார் லயனல்.

"ஏன்?"

"கண் கறுப்பு."

"என்ன? பின்னால நிக்கறவங்களுக்குக் கேக்கல" என்றார் க்ளைவ்.

லயனல் அவர்கள் பக்கம் திரும்பினார். முகம் செங்கல் நிறத்தில் இருந்தது. "பழுப்பு ஆந்தை!" என்று கத்தினார். "சாதாரணப் பழுப்பு ஆந்தை! உள்ள குஞ்சு இருக்கு. நான் சொன்னது தப்பு. தயவுசெஞ்சு எல்லாரும் வீட்டுக்குப் போங்க!"

மேவிஸ் கையிலிருந்த தேநீர்க் கோப்பை புல்லில் விழுந்தது.

சாதாரண ஆந்தைக்கு யார் நிற்பார்கள்? முணுமுணுப்பும் கதவு சாத்தும் சத்தமுமாகக் கார்கள் கிளம்பின. க்ளைவ் ஏணியைக் கொண்டுபோய் வைத்துவிட்டுத் திரும்பி வந்தார். கொக்கரிக்கப் போகிறார் என்று நினைத்தேன்.

"உன் இடத்துல நான் இருந்தா மஞ்சள்னுதான் சொல்லியிருப்பேன்" என்று லயனலிடம் மெதுவாகச் சொல்லிவிட்டுப் போனார்.

விற்காத கேக்கை ஊரே தின்று தீர்த்தது. நோரீனும் சும்மா இருப்பாரா? "பின்லாந்துக் கேக்கு, ஒரு துண்டு எடுத்துக்குங்க" என்று போகிறவர் வருகிறவரையெல்லாம் கூப்பிட்டார்.

ஆனால் லயனல் பேச்சை நிறுத்திவிட்டார். ஜன்னலில் சிட்டுக்குருவி வந்து உட்கார்ந்தால்கூட வாய் திறக்கவில்லை. மேவிஸுக்கு ஆசைப்பட்ட அமைதி கிடைத்துவிட்டது. அதைத் தாங்கத்தான் முடியவில்லை. "வீட்ல யாரோ செத்துப்போன மாதிரி இருக்கு" என்று என்னிடம் வந்து அழுதார்.

அவர் வந்து அழுத அன்று பொழுது சாயும்போது நானும் அவர்கள் சமையலறையில் இருந்தேன். வெளியே ஓக் மரத்துப் பக்கமிருந்து "கீ-விக்!" என்று சத்தம் வந்தது. லயனல் தட்டைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

மேவிஸ் உருளைக்கிழங்கைப் பரிமாறியபடி, "பாவம், நரிக்கு என்னமோ வலி போலிருக்கு" என்றார்.

லயனலின் தோள் துடித்தது.

"இல்ல, நரி இல்லையோ? வாத்தா இருக்கும்."

"வாத்தா!" நாற்காலி பின்னால் சாய்ந்து விழுந்தது. "மேவிஸ், இத்தனை வருஷம் என்னோட இருந்துட்டு... அது பொண்ணு ஆந்தை! குஞ்சுக்கு இரை கொண்டுவாடான்னு புருஷனைக் கூப்பிடுது!" கொஞ்சம் நிறுத்தி, "அப்படித்தான்னு எனக்குத் தோணுது" என்றார். பிறகு முட்டையில் தொடங்கி எலி எலும்பு வரைக்கும் போனார். உருளைக்கிழங்கு ஆறிப்போனது. மேவிஸ் கன்னத்தில் கை வைத்து, பாட்டுக் கேட்பதுபோலக் கேட்டுக்கொண்டிருந்தார்.

வாசகரே, இப்போது உங்களுக்கும் கொஞ்சம் ஆந்தை தெரிந்துவிட்டது. கறுப்புக் கண், இரண்டு குரல், சாம்பலிலும் வரும் என்பதெல்லாம். இன்று சாயங்காலம் உங்கள் தெருப் புளியமரத்தில் ஏதோ ஒன்று அலறும், வீட்டில் யாரும் கேட்காமலேயே, "அது வந்து..." என்று நீங்கள் தொடங்குவீர்கள். தாராளமாகச் சொல்லுங்கள். ஒன்று மட்டும் நினைவிருக்கட்டும்: இந்தப் பழுப்பு ஆந்தை தமிழ்நாட்டுப் பக்கமே வருவதில்லை.

'அது எனக்கு முன்னாலேயே தெரியும்' என்று இப்போது முணுமுணுத்தது யார்?