அமைச்சர் வரவில்லை என்று நான் அறிவித்த கதை

எனக்கு ஒரு வியாதி உண்டு. யாரைப் பார்த்தாலும் இவரை எந்த வரிசையில் உட்கார வைப்பது என்று மனம் கணக்குப் போடும். அப்பா சென்னைத் தலைமைச் செயலகத்தில் அரசு விழாக்களுக்கு நாற்காலி வரிசை போட்டே ஓய்வு பெற்றவர். (பரம்பரை வியாதிக்கு மருந்து கிடையாது.)

நியூசிலாந்தின் ஆக்லாந்துக்கு வந்தும் அது குணமாகவில்லை. எங்கள் தமிழ்ச் சங்கத்தின் பொங்கல் விழாவுக்கு இரண்டு அமைச்சர்கள் வருகிறார்கள் என்றதும், வரவேற்புப் பொறுப்பை நானே கேட்டு வாங்கினேன்.

சங்கத் தலைவர் ஜெயசீலன் அண்ணன் யாழ்ப்பாணத்துக்காரர். அவர் கவலை வேறு. "தம்பி, பகட்டு ஒண்டும் வேண்டாம். அந்தப் பொம்பிளை அமைச்சரோட அஞ்சு நிமிசம் கதைச்சாக் காணும். பிள்ளையளின்ர அறை போகக்கூடாது" என்றார்.

சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளி நடக்கும் அறையைச் சொன்னார். அரசுக் கட்டடம். பிப்ரவரிக்குள் காலி செய்யச் சொல்லிவிட்டார்கள். தடுக்கக்கூடியது அந்த அமைச்சரின் துறை மட்டும்தான். சங்கம் அனுப்பிய மூன்று கடிதங்களுக்கும் பதில் இல்லை.

எனக்கோ அறையைவிட வரிசைதான் பெரிதாகப்பட்டது. இங்கே நடப்பது கூட்டணி ஆட்சி. கட்சிகள் பங்கு போட்டுக்கொண்டதில் சில அமைச்சர்கள் கேபினட்டுக்குள், சிலர் கேபினட்டுக்கு வெளியே. வெளியே இருப்பவரும் முழு அமைச்சர்தான்; வாராந்திரக் கூட்டத்தில் நாற்காலி இல்லை, அவ்வளவே. முழுப் பட்டியலையும் படங்களோடு அச்சடித்து ஃபிரிட்ஜில் ஒட்டி மனப்பாடம் செய்தேன். வருகிறவர்களில் ஆண் அமைச்சர் உள்ளே, பெண் அமைச்சர் வெளியே. ஆகவே அவருக்கு நடு நாற்காலி, கனத்த ஜரிகைப் பொன்னாடை. இவருக்கு ஓர நாற்காலி, பாபடோயிட்டோய் பேட்டைக் கடையொன்றில் தள்ளுபடியில் வாங்கிய சால்வை. (அதில் மாவு சலிக்கலாம்.)

"அறை யார் கையில இருக்கோ அவங்களுக்குல்ல பெரிய துண்டு போடணும்?" என்றாள் மனைவி கவிதா.

"உனக்கு அரசியல் புரியாது" என்றேன். (இந்த வாக்கியம் இன்றும் மாதம் ஒருமுறை எனக்குத் திருப்பிச் சொல்லப்படுகிறது.)

விழா லின்ஃபீல்டில் ஒரு மண்டபத்தில். நல்ல ஜனவரி வெயில். கறுப்புக் காரில் கோட்டு சூட்டோடு கேபினட் அமைச்சர் வந்து இறங்கினார். நடு நாற்காலியில் உட்கார வைத்துப் பொன்னாடை போர்த்திவிட்டு, வாசலுக்கு ஓடி அடுத்த கறுப்புக் காரை எதிர்பார்த்து நின்றேன்.

கார் வரவில்லை. ரப்பர் செருப்பும் பூப்போட்ட சட்டையுமாக ஒரு பெண்மணி நடந்து வந்தார். கையில் பிளாஸ்டிக் டப்பா. "எலுமிச்சை கேக் கொண்டுவந்திருக்கிறேன். எங்கே வைக்கலாம்?" என்று ஆங்கிலத்தில் கேட்டார். விருந்துக்குக் கூப்பிட்டால் ஒரு தட்டோடு வருவது இந்த ஊர் வழக்கம். பக்கத்து வீட்டுக்காரர் யாரோ என்று நினைத்தேன்.

"சமையலறையில் வையுங்கள். வழியில் நிற்காதீர்கள், அமைச்சர் வருகிறார்" என்றேன்.

அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். நான் சமையலறைப் பக்கம் கையைக் காட்டினேன். (ஃபிரிட்ஜில் அவர் படம் இருந்தது. ஆனால் படத்தில் கோட்டு சூட்டு போட்டிருந்தார். எனக்கு மனப்பாடமானது அது மட்டும்தான்.)

முக்கால் மணி நேரம் போனது. மேடையேறி மைக்கைப் பிடித்து, இரண்டு மொழியிலும் அமைச்சர் வர இயலவில்லை என்று அறிவித்தேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். "கேபினட்டுக்குள் இருப்பவரே நேரத்துக்கு வந்துவிட்டார்" என்றும் சேர்த்தேன்.

கேபினட் அமைச்சர் எழுந்து வந்து மைக்கை மெதுவாக வாங்கினார். "அவர் வந்து ரொம்ப நேரமாகிறது. அதோ, பொங்கல் பரிமாறுகிறார். எனக்கு முந்திரிகூட அதிகமாகப் போட்டார்" என்றார்.

மண்டபமே திரும்பியது. சமையலறை ஜன்னலில், கவிதாவின் ஏப்ரனைக் கட்டிக்கொண்டு நின்ற அமைச்சர், கரண்டியை உயர்த்திக் காட்டினார்.

"என்ன தம்பி செய்துபோட்டீர்" என்றார் ஜெயசீலன் அண்ணன், முணுமுணுப்பாக. அறை போய்விட்டது, அதுவும் என்னால்தான் போய்விட்டது என்று உண்மையாகவே பயந்தேன்.

பயத்தில் புத்தி வேலை செய்யாது. பெண் அமைச்சருக்கு அந்தப் பெரிய பொன்னாடையைப் போர்த்தினால் எல்லாம் சரியாகிவிடும் என்று தோன்றியது. அது கேபினட் அமைச்சரின் தோளில் இருந்தது. உருவினேன். அவருடைய கோட்டுப் பொத்தான் ஒன்றும் கூடவே வந்தது. ஓடிப்போய் ஏப்ரனுக்கு மேலேயே போர்த்தினேன். ஜரிகை முனை சர்க்கரைப் பொங்கலுக்குள் இறங்கியது.

அமைச்சர் விழுந்து விழுந்து சிரித்தார். "உங்கள் மனைவி எல்லாவற்றையும் சொல்லிவிட்டார்" என்றார்.

ஆளைத் தெரியாமல் கவிதா முக்கால் மணி நேரமும் அறைக் கதையைக் கொட்டியிருக்கிறாள். மூன்று கடிதம் போட்டும் அந்த அமைச்சர் தூங்குகிறார் என்பது உட்பட. அவர் வந்ததும் பெயரைச் சொல்லித்தான் இருக்கிறார். ஃபிரிட்ஜில் பார்த்த பெயர் மாதிரி இருக்கிறதே என்று நினைத்தாளாம், அவ்வளவுதான்.

அமைச்சர் ஒரு காகிதத் தட்டின் பின்புறம் கட்டட முகவரியை எழுதி வாங்கிக்கொண்டு போனார். இரண்டு வாரத்தில் கடிதம் வந்தது. அறை தங்கியது.

"யாருன்னு தெரிஞ்சிருந்தா நான் மரியாதையாப் பேசியிருப்பேன். வேலை நடந்திருக்காது" என்றாள் கவிதா.

ஃபிரிட்ஜில் இப்போது வேறு பட்டியல் இருக்கிறது, மகள் எழுதியது. பிரதமர் அம்மா. கேபினட்டில் அவளும் தம்பியும். கேபினட்டுக்கு வெளியே நான். இலாகா, பாத்திரம் கழுவுதல். இரவு என்ன சமையல் என்று நான் வாயைத் திறந்தால், "டாட், யூ ஆர் அவுட்சைட் கேபினட்" என்கிறார்கள். பொங்கலுக்குப் பொங்கல் அமைச்சரவை மாற்றம் உண்டு. போன பொங்கலுக்குப் பூனை உள்ளே போய்விட்டது.