ஏழில் ஒரு பங்கு கெட்ரி

அண்டத்தில் இதுவரை தோன்றிய கோட்பாடுகளில் உயிர்களின் கண்ணீரை நிரந்தரமாகத் துடைத்தது ஒன்றே ஒன்றுதான்: பேராசான் உஸ்மெல் அருளிய மீதியின்மைக் கோட்பாடு. எந்த எண்ணை எந்த எண்ணால் வகுத்தாலும் மீதி வராது. வந்ததுபோல் தெரிந்தால் அது பார்ப்பவரின் மனக்குறை. அவ்வளவுதான் அதன் சாரம். அதை விளக்கும் பதினொரு தொகுதிகளையும் முழுதாகப் படித்தவர் ஓர்வாஷ் மிதவைநகரில் ஒருவர்தான் உண்டு, எழுதியவரையும் சேர்த்து. அவர் பெயர் தெல்மோ.

தெல்மோ நகர மன்றத்தில் 'கோட்பாட்டு விளக்குநர்'. புரியவில்லை என்று யாரும் வாய்திறக்காத அளவுக்கு விளக்குவது அவர் பணி. மனைவி கெட்ரி துறைமுகத்தில் மேகவிலாங்கு சூப் விற்றாள். அவளுக்குப் பதவிப் பெயர் எதுவும் இல்லை.

கந்தகப் புயல் வரும்போதெல்லாம் ஓர்வாஷ்காரர்கள் ஊரைக் காலிசெய்து மேல்நிலாவுக்குப் போய்விடுவார்கள். சுமந்து போவது ஏழு வான்திமிங்கிலங்கள். ரோஷக்கார ஜீவன்கள். ஏழின் முதுகிலும் சரிசமமாக ஆள் இருந்தால்தான் கிளம்பும்; ஒன்றில் ஒரு தலை கூடினாலும் ஏழும் சேர்ந்து படுத்துக்கொள்ளும். முன்பெல்லாம் ஆள் மிஞ்சினால் பக்கத்துத் தீவுக்கு ஓடம் விட்டு, குறைகிற ஆட்களைக் கெஞ்சிக் கூட்டிவந்து கணக்கை நேர்செய்வார்கள். விஞ்ஞானம் வளராத காலம், பாவம்.

இந்த ஆண்டு மன்றம் கூடியதும் ஓர் உறுப்பினர் கவலையோடு எழுந்தார். "ஒருத்தர் மிஞ்சுறாங்க."

"மிஞ்சல," என்றார் உஸ்மெல். "பரவுறாங்க."

கைதட்டல் அடங்க வெகுநேரமாயிற்று. மிஞ்சுபவர், மன்னிக்கவும், பரவுபவர், 'பகிர்ந்த பிரஜை' ஆகித் திமிங்கிலத்துக்கு ஏழில் ஒரு பங்கு வீதம் பயணம் செய்வார் என்று தீர்மானமாயிற்று. அந்தப் பெருமை யாருக்கு? கூட்டத்துக்கு வராதவருக்கு. கூட்டத்துக்கு வராதவள் கெட்ரி மட்டுமே. கூட்டத்தாருக்குச் சூப் காய்ச்சிக்கொண்டிருந்தாள். தெல்மோவின் கை கொஞ்சம் தாமதமாகத்தான் உயர்ந்தது. ஆனால் உயர்ந்தது. தீர்மானம் ஏகமனதாயிற்று.

வீட்டில் அவள் மூட்டை கட்டிக்கொண்டே கேட்டாள். "ஏன்யா, எனக்கு எத்தனாவது திமிங்கிலம்?"

"ஏழுலயும்."

"இவ்வளவு மரியாதைக்கு நான் என்ன செஞ்சேன்?"

"ஒவ்வொண்ணுலயும் ஏழில் ஒரு பங்கு, கெட்ரி. இது மன்றம் குடுக்கிற கௌரவம்."

"எந்தப் பங்கு உக்காரும்?"

"அது ரெண்டாம் தொகுதியில வருது."

"அடுப்புக் கரி புடிச்ச தொகுதியே, உனக்கு எது?"

"முதல் திமிங்கிலம்," என்றார் தெல்மோ. பிறகு தரையைப் பார்த்துக்கொண்டு சேர்த்தார்: "முழுசா."

புறப்பாட்டு நாளில் கெட்ரி யாரையும் கேட்காமல் முதல் திமிங்கிலத்தில் ஏறி, புருஷன் பக்கத்தில் உட்கார்ந்தாள். ஏழு திமிங்கிலங்களும் பெருமூச்சு விட்டுப் படுத்தன. ஆட்களை ஏற்றுவதால் 'ஏற்றுமதி அதிகாரி' என்று பெயர்பெற்ற ஷாம்ரிக் ஓடிவந்தார்.

"இறங்குங்கம்மா!"

"என் ஏழில் ஒரு பங்குதான்யா இங்க உக்காந்திருக்கு. மிச்ச ஆறையும் நீங்க போய் ஏத்துங்க."

உஸ்மெல் தாடியைத் தடவிக்கொண்டு முன்னால் வந்தார். "அம்மா, மீதின்னு ஒண்ணு கிடையாதுன்னு நிரூபிச்சாச்சு. நீங்க இங்க இல்லவே இல்ல."

"இல்லாதவ உக்காந்தா உங்களுக்கு எங்க இடிக்குது?"

"திமிங்கிலத்துக்கு இடிக்குது. அது இன்னும் கோட்பாட்டைப் படிக்கல."

தொடுவானம் மஞ்சளாகிக்கொண்டிருந்தது. கெட்ரி குரலைத் தணித்தாள். "பக்கத்துத் தீவுக்கு ஒரு ஓடம் விடுங்க சாமி. ஆறு பேர் வந்தா கணக்கு நேராயிடும். இன்னும் நேரமிருக்கு."

"ஓடம் விட்டா மீதி இருக்குன்னு நாமளே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும்!" என்று பதறினார் உஸ்மெல். எவ்வளவு பெரிய ஆபத்து என்று எல்லாருக்கும் விளங்கியது.

அவள் புருஷன் பக்கம் திரும்பினாள். "நீ படிச்சவன். நீ சொல்லுய்யா. நான் இருக்கேனா, இல்லியா?"

தெல்மோ பேராசானைப் பார்த்தார். வானத்தைப் பார்த்தார். தன் தொடையில் ஒட்டியிருந்த அவள் தொடையின் சூட்டை உணர்ந்தார்.

"கோட்பாட்டுப்படி..." என்று தொடங்கினார்.

அவர் முடிக்கும்வரை அவள் காத்திருக்கவில்லை. மூட்டையை எடுத்துக்கொண்டு தானே இறங்கினாள். ஏழு திமிங்கிலங்களும் ஒரே அசைவில் எழும்பின. ஈவு துல்லியமாக வந்திருந்தது. இரக்கம் எந்தத் தொகுதியிலும் இல்லை.

மேல்நிலாவில் வெற்றிவிழா நடந்தது. "கெட்ரி நம்ம எல்லார்கிட்டயும் சமமா இருக்காங்க" என்று தெல்மோ உரையாற்றினார். கீழே புயல் உறுமும்போது மட்டும் குரல் நடுங்கியது. குளிர் என்று சொல்லிக்கொண்டார்.

புயல் ஓய்ந்து திரும்பியபோது கெட்ரி உயிரோடு இருந்தாள். மன்றக் கட்டடத்தின் கற்பாதாள அறையில் பூட்டை உடைத்து நுழைந்து, உறையவைக்கும் குளிரில் பதினொரு தொகுதிகளையும் ஒவ்வொன்றாக எரித்துக் குளிர்காய்ந்திருந்தாள். ஆக, மீதியின்மைக் கோட்பாடு முதன்முறையாக ஓர் உயிரைக் காப்பாற்றியிருந்தது.

ஆனால் இல்லாதவள் இருப்பது சட்டச்சிக்கல். மன்றம் மறுபடி கூடியது. சூப் கடை இருந்த துறைமுக மூலையைத் தனி நகரமாக அறிவித்தார்கள். மக்கள்தொகை: ஒன்று. ஒன்றை ஒன்றால் வகுத்தால் மீதி ஏது? உஸ்மெலுக்குப் பதக்கம் தந்தார்கள்.

மறுநாள் தெல்மோ அந்தப் புதிய நகரத்தின் எல்லைக்குப் போனார். எல்லை என்பது ஒரு கயிறு. உள்ளே கெட்ரி விலாங்கு நறுக்கிக்கொண்டிருந்தாள்.

"கெட்ரி, என்னையும் உன் ஊர்ல சேத்துக்கயேன். ரெண்டு பேரும் ஒண்ணா இருக்கலாம்."

அவள் கத்தியை வைத்துவிட்டு நிமிர்ந்தாள். முகத்தில் கோபம்கூட இல்லை.

"நீ வந்தா இங்க ரெண்டு பேர். அடுத்த புயல்ல ஒரு இடம்தான் இருக்குன்னா அது யாருக்குன்னு எனக்குத் தெரியும்யா. நீ போ."

தெல்மோ வீட்டுக்கு வந்து உட்கார்ந்தார். ஓர்வாஷிலேயே கணக்கு அதிகம் படித்தவர். எத்தனை தடவை சரிபார்த்தும் அவள் சொன்ன கணக்கில் ஒரு பிழையும் அவருக்குக் கிடைக்கவில்லை.