பெரிய மாமா வீட்டில் புகை

புகையை மூடிவைக்க முடியாது என்பது அடுப்பூதிய எந்தப் பெண்ணுக்கும் தெரியும். கல்யாணமான புதிதில் எனக்கு மட்டும் அது தெரியவில்லை (பெரிய புத்திசாலி என்று நினைப்பு வேறு!).

அறுபதுகளின் தொடக்கம். ஏற்காட்டிலிருந்து மேச்சேரிப் பக்கம் வாழ்க்கைப்பட்டு வந்திருந்தேன். என் அப்பா காப்பித் தோட்டத்து பங்களாவில் சமையல்காரர். பன்றி விலாவுக்கு உப்பும் மிளகும் வெல்லமும் தடவி, காப்பிக் கட்டைப் புகையில் நாள் முழுக்கத் தொங்கவிட்டு எடுப்பார். அந்த ருசியைப் பற்றிப் புகுந்த வீட்டில் நான் அளக்காத அளப்பில்லை.

எனக்கு வேண்டியதெல்லாம் தனிக்குடித்தனம். கூட்டுக் குடும்பத்தில் எனக்கும் என் வீட்டுக்காரருக்கும் ஒரு சேலைத் தடுப்புதான் அறை. அந்தப் பக்கம் யாராவது கொட்டாவி விட்டால் இந்தப் பக்கம் சேலை ஆடும். பின்புறத்தில் ஓர் ஓட்டு வீடு சும்மா பூட்டிக் கிடந்தது. மாமனாரின் அண்ணன், கல்யாணமே செய்துகொள்ளாத பெரிய மாமா, அந்த வருஷம்தான் அதில் இருமி இருமியே இறந்திருந்தார். அதற்குப் பிறகு அங்கே யாரும் கால் வைப்பதில்லை. அந்த வீட்டைத் தாருங்கள் என்று மாமனாரிடம் கேட்டேன்.

"ஞாயித்துக்கிழமை விருந்துக்கு உன்ற கையால ஆக்கிப் போடு, சாமி. தனியா அடுப்பு மூட்டத் தெரியுதான்னு பாத்துட்டு ஊட்டைத் தாரேன்" என்றார்.

விடுவேனா? வியாழக்கிழமை ஊரில் பன்றி அறுத்தார்கள். விலா மொத்தத்தையும் வாங்கி வந்து மசாலா தடவி ஒளித்துவைத்தேன். ஆனால் மறுநாள் கல்லறைத் திருநாள், செத்தவர்களுக்காகக் கல்லறையில் ஜெபிக்கிற நாள். அதுவும் வெள்ளிக்கிழமை. சுத்தபோசனம், கறியே ஆகாது. என் மாமனாரோ வெள்ளிக்கிழமை முட்டை உடைகிற சத்தம் கேட்டாலே சிலுவை போட்டுக்கொள்கிறவர். ஞாயிறு வரை பச்சைக்கறி தாங்காதே! பெரிய மாமா வீட்டில் ரகசியமாகப் புகை போட்டால் யாருக்குத் தெரியும்? செத்தவருக்கா தெரியப்போகிறது? மறுநாள் யாரும் பார்க்காதபோது சாவியை எடுத்துப் போய், அவருடைய வெந்நீர் அடுப்புக்கு மேலே விட்டத்தில் விலாவைக் கட்டித் தொங்கவிட்டு, அப்பா கொடுத்தனுப்பிய காப்பிக் கட்டையை மூட்டினேன். சாயங்காலம் முன்கதவைப் பூட்டிவிட்டு, ஒன்றும் தெரியாத பூனை மாதிரி எல்லாரோடும் கல்லறைக்குப் போனேன். பின்கதவுக்குத் தாழ்ப்பாள் இல்லை என்பதை நான் கவனிக்கவில்லை.

கல்லறையில் ஜெபம் முடிவதற்கு முன்பே மாமனார் முட்டி வலிக்கிறது என்று கிளம்பிவிட்டார். நாங்கள் திரும்பும்போது பொழுது மங்கிவிட்டது. தூறல் வேறு. பெரிய மாமா வீட்டைத் தாண்ட வேண்டியிருந்தது. முன்னால் போன மாமியார் சட்டென்று நின்றார்.

ஓட்டு இடுக்கெல்லாம் புகை. ஈரக் காற்றில் மேலே போகமாட்டாமல் கூரையிலிருந்து வழிந்து, தரையோடு தவழ்ந்து எங்கள் காலடிக்கு வந்தது. கூடவே வெந்த மாமிச வாடை. சன்னல் வழியே பார்த்தால் உள்ளே மங்கிய சிவப்பு வெளிச்சம். அதில் விலா எலும்புகள் தொங்கி மெல்ல ஆடின.

"அய்யோ மாதாவே! உத்தரிக்கிற ஸ்தலத்துல பெரியவரு வேகுறாரே!" என்று மாமியார் அப்படியே சேற்றில் முழங்கால் போட்டார். (செத்தவர்கள் நெருப்பில் வெந்து பாவம் தீர்க்கிற இடம் அது.) கூட வந்தவர்களும் போட்டார்கள். ஜெபமாலை ஆரம்பமானது. எனக்கு வயிற்றுக்குள் சிரிப்பு முட்டிக்கொண்டு வந்தது.

அப்போதுதான் உள்ளே யாரோ இருமினார்கள்.

பெரிய மாமாவின் இருமல்! இழுத்து இழுத்து, கடைசியில் ஒரு செருமல். ஊருக்கே தெரிந்த இருமல். என் சிரிப்பு செத்துவிட்டது. தொங்குவது கறி என்று தெரிந்த ஒரே ஆள் நான். ஆனால் கறி இருமுமா?

"சாமியாரைக் கூட்டிட்டு வாங்க! இந்த ஊட்டை இடிச்சுப்போட்டு ஒரு சிலுவையை நட்டுரலாம்" என்று மாமியார் அழுதார்.

போச்சு! சாமியார் வந்தால் வெள்ளிக்கிழமைக் கறி வெளியே வரும். வீட்டை இடித்தால் சாகும்வரை சேலைத் தடுப்புதான். பேயைவிட அந்தச் சேலைதான் எனக்குப் பெரிய பயம். "நான் போய்ப் பாத்துட்டு வாரேனுங்க அத்தை" என்று எழுந்தேன். பூட்டைத் திறந்தேன்.

உள்ளே கண் எரிந்தது. புகைக்கு நடுவே பெரிய மாமாவின் நாற்காலி. அதில் பெரிய மாமா. அதே மீசை, அதே தோள். வாயில் ஓர் எலும்பு.

கத்த வாயெடுத்தேன்.

"கத்தாத சாமி. நாந்தான்" என்றது உருவம். என் மாமனார்! அண்ணன் தம்பிக்குப் புகையில் இருமல்கூட ஒரே மாதிரி.

"மாமா... இன்னிக்கு வெள்ளிக்கிழமைங்க" என்றேன். (பயத்தில் வேறெதுவும் தோன்றவில்லை.)

"வாசம் வந்துது. திருடனோ என்னமோன்னு பாக்க வந்தேன்" என்றவர், கையிலிருந்த எலும்பைப் பார்த்தார். அப்புறம் குரலைத் தாழ்த்தி, "உப்பு கொஞ்சம் தூக்கல். சாவி உன்கிட்டயே இருக்கட்டும். ஊடு உன்றதுதான்" என்றார். பின்கதவு வழியே மறைந்தார்.

வெளியே வந்து, "யாருமில்லீங்க அத்தை" என்றேன். "ஆத்துமா கண்ணுக்குத் தெரியுமா?" என்றார் மாமியார். கொஞ்ச நேரத்தில் மாமனார் தெருப்பக்கமிருந்து வந்து, விஷயத்தைக் கேட்டு, "அண்ணே!" என்று கதறியபடி மாமியாருக்குப் பக்கத்தில் முழங்கால் போட்டாரே பார்க்கணும்! ஞாயிற்றுக்கிழமை விருந்தில் அதே விலாவைக் கடித்து, "இதென்ன சாமி, புது மாதிரியா இருக்குது?" என்றும் கேட்டார். மனுஷன் நாடகத்தில் சேர்ந்திருக்க வேண்டியவர்.

அந்த வீட்டில்தான் என் பிள்ளைகள் பிறந்தார்கள். ஒவ்வொரு கல்லறைத் திருநாளுக்கும் மாமியார் ஒரு பூசை ஒப்புக்கொடுத்தார். இன்றைக்கும் எங்கள் வீட்டில் யாராவது சட்டியில் திருட்டுத்தனமாகக் கைவிட்டால், "பெரியவரு வேகுறாரு!" என்று பேரப்பிள்ளைகள் கூவும்.

மாமனார் போய்ச் சேர்ந்த பிறகு ஒருநாள், மனசு கேட்காமல் மாமியாரிடம் எல்லாவற்றையும் கொட்டினேன். அவர் பூண்டு உரிப்பதை நிறுத்தவில்லை.

"அன்னிக்கே தெரியும். பக்கத்துல வந்து முழங்கால் போட்டப்ப மீசையெல்லாம் பன்னி நெய்யி."

"அப்புறம் எதுக்குங்க வருசா வருசம் பெரிய மாமாவுக்குப் பூசை?"

"பெரியவருக்குன்னு ஆரு சொன்னா? வெள்ளிக்கிழமை கறியத் தின்னுபோட்டு, செத்த அண்ணனுக்காக எங்கூடச் சேந்து அழுதாரே, அந்த மனுசனுக்கு" என்றவர், முதல்முறையாக நிமிர்ந்து என்னைப் பார்த்தார். "உனக்குஞ் சேத்துத்தான், சாமி."